அண்ணன் பொண்ணுக்கு ஜெனவியேவ்னு பேரு வைக்கப் போறாங்களாம், அர்த்தம் தெரிஞ்சவங்க சொல்லுங்க

கெடிலக்கரை எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். அண்ணன் பாரீஸ் பக்கத்துல நாந்தேர்ல இருக்கான், அண்ணி பிரெஞ்சுக்காரங்க. அடுத்த மாசம் டெலிவரி, பொண்ணுதான்னு ஸ்கேன்லயே சொல்லிட்டாங்களாம். அண்ணி அவங்க பாட்டி பேரைத்தான் வைக்கணும்னு ஒத்தக்கால்ல நிக்கிறாங்க, ஜெனவியேவ். அண்ணனுக்கு ஓகே. எங்கம்மா மட்டும் "வாயில நுழையலன்னா பரவாயில்ல, அர்த்தம் தெரியாம எப்படிடா பேரு வைக்கிறது" ன்னு பிடிச்சுக்கிட்டாங்க, அந்த வேலை என் தலையில விழுந்துருச்சு.

நெட்ல தேடினா தலை சுத்துது. குழந்தை பேர் சைட் ஒண்ணுல "வெள்ளை அலை" ன்னு இருக்கு, இன்னொண்ணுல "குலத்துப் பெண்", மூணாவது சைட்ல ஏதோ ஜூனிப்பர்னு ஒரு செடி. எல்லாத்துலயும் அவ்ளோ தெளிவா, சந்தேகமே இல்லாம போட்டிருக்கான். எதைத்தான் அம்மாகிட்ட சொல்றது?

சும்மா_ஒரு_ஆள் எழுதியது:

கடலூர்ல உக்காந்துக்கிட்டு அலைன்னு அர்த்தம் சொல்லாதீங்க ப்ரோ, அம்மா அந்தப் பேரை வீட்டு வாசல்லயே நிறுத்திடுவாங்க.

வேர்ச்சொல் எழுதியது:

அந்த மூணுல ரெண்டு சுத்தமா தப்பு. ஒண்ணு தப்பான்னு இன்னும் அடிச்சுக்கிட்டு இருக்காங்க. கொஞ்சம் நீளமா எழுதுறேன், பொறுமையா படிங்க.

முதல்ல ஜூனிப்பர். அந்தச் செடியோட காய்க்கு பிரெஞ்சுல ஜெனியேவ்ர்னு பேரு, லத்தீன்ல யூனிபெருஸ். அந்தக் காய போட்டு வடிச்ச சாராயத்துக்கு டச்சுக்காரன் அதே பேரை வச்சான், இங்கிலீஷ்காரன் அதைச் சுருக்கி ஜின்னு ஆக்கினான். ஜெனியேவ்ர், ஜெனவியேவ் ரெண்டும் காதுக்கு அக்கா தங்கச்சி மாதிரி இருக்கு, ஆனா ரெண்டுக்கும் ஒட்டு உறவு கிடையாது. எவனோ ஒரு சைட்காரன் அகராதில பக்கத்து வார்த்தைய பாத்து எழுதிட்டான், மத்தவனெல்லாம் காப்பி அடிச்சுட்டான்.

அடுத்து வெள்ளை அலை. இது ஆர்தர் ராஜா கதையில வர்ற ராணி கினவீரோட பேர்ல இருந்து வந்த குழப்பம். அந்தப் பேரு வேல்ஸ் மொழில க்வென்ஹ்விவார். க்வென்னா வெள்ளை, அழகு. பின்பாதி ஆவி, மாய உருவம்ங்கற பொருள்ல வர்ற ஒரு பழைய கெல்டிக் சொல்லு, ஐரிஷ்ல ஃபின்டபைர்னு இதுக்கு நேர் ஜோடிப் பேரே இருக்கு. அலைங்கறதெல்லாம் சைட்காரங்க கைச்சரக்கு. அந்த ராணிய பிரெஞ்சுல கெனியேவ்ர்னு சொல்லுவாங்க, வந்த குழப்பம் அங்கதான். நம்ம ஊர் ஜெனிஃபர் எல்லாம் இந்த ராணி வழி, கார்ன்வால் பக்கத்து உச்சரிப்பு அது. இத்தாலிக்காரங்க கிட்ட ஜினெவ்ரான்னா ராணி பேரு, ஜெனொவெஃப்பான்னா நீங்க கேக்குற பேரு, ரெண்டையும் தனித்தனியாத்தான் வச்சிருக்காங்க.

மூணாவது குலத்துப் பெண். இதுதான் புத்தகங்கள்ல அதிகமா வர்ற விளக்கம். லத்தீன்ல எழுதின பழைய வடிவம் ஜெனொவெஃபா. இதை ஜெர்மானிய சொல்லா உடைச்சு, குனி அப்படின்னா இனம், குலம், வீஃப் அப்படின்னா பெண், ரெண்டும் சேந்ததுன்னு சொல்றாங்க. கேக்க நல்லா இருக்கு. சிக்கல் என்னன்னா குனில ஆரம்பிக்கிற ஃபிராங்க் (ஒரு பழைய ஜெர்மானிய இனம்) பேரு பிரெஞ்சுல எப்படி வந்திருக்குன்னு பாருங்க: குனிகுண்ட் அங்க குனெகோந்த் ஆச்சு, க அப்படியே நின்னுடுச்சு. இங்க மட்டும் ஏன் ஜெ? அதோட வீஃப்ங்கற சொல்லுல முடியுற பழைய ஜெர்மானியப் பேருங்க ரொம்ப அபூர்வம். அதனால இன்னொரு கட்சி இது கால் (Gaul, பிரான்ஸோட பழைய பேரு) நாட்டு கெல்டிக் பேருதான்னு சொல்லுது, கெனோஸ்னா பிறப்பு, வம்சம், அந்த வேர்ல இருந்து வந்ததுன்னு. அவங்களுக்கு முன்பாதி அழகா பொருந்துது, பின்பாதி இடிக்குது. அப்பா பேரு செவெருஸ், அம்மா பேரு ஜெரொன்சியா, அதை வச்சு முடிவு பண்ணலாம்னா அது ரெண்டும் ரோமானிய உலகத்துப் பேரு, எந்தப் பக்கமும் கை கொடுக்காது.

ஆக, ரெண்டு கட்சிக்கும் பொதுவா நிக்கிறது "இனம், வம்சம்" ங்கற முன்பாதி மட்டும்தான்.

கெடிலக்கரை எழுதியது:

செம. அப்பா அம்மா பேரு செவெருஸ், ஜெரொன்சியான்னு சொல்றீங்களே, யாரோட அப்பா அம்மா?

லாச்சப்பல் எழுதியது:

தம்பி, அண்ணன் நாந்தேரில இருந்துகொண்டு இது தெரியாமலோ இருக்கிறார். அந்தப் பேருக்குரிய ஆளின்ர சொந்த ஊரே நாந்தேர்தான். புனித ஜெனவியேவ், பாரீசின்ர காவல் புனிதை. 420ம் ஆண்டை ஒட்டிப் பிறந்தவ. நாந்தேர் கதீட்ரலுக்கும் அவவின்ர பேர்தான், பக்கத்தில அவவின்ர கிணறு எண்டு ஒண்டு இருக்குது.

கிணத்துக் கதை உங்கட அம்மாவுக்குச் சொல்லுங்கோ, ரசிப்பா. சின்னப் பிள்ளையா இருக்கேக்க கோயிலுக்குப் போகப் போறன் எண்டு அடம் பிடிச்சாவாம், தாய் கோபத்தில கன்னத்தில ஒண்டு குடுத்திட்டா. குடுத்த கையோட தாய்க்குக் கண் தெரியாமப் போச்சுது. ஒண்டரை வருசத்துக்கு மேல அப்பிடியே இருந்திட்டு, பிறகு மகளைக் கிணத்தடிக்கு அனுப்பித் தண்ணி அள்ளுவிச்சு அதால முகம் கழுவித்தான் பார்வை வந்ததாம்.

429இல ஒசேர் ஆயர் ஜெர்மானும் துருவா ஆயர் லூவும் பிரித்தானியாவுக்குப் போற வழியில நாந்தேரில தங்கினவை. கூட்டத்துக்குள்ள நிண்ட இந்தப் பிள்ளையை ஜெர்மான் கண்டு கூப்பிட்டுக் கதைச்சிட்டு, அடுத்த நாள் நிலத்தில கிடந்த செப்புக் காசு ஒண்டைப் பாத்திருக்கிறார், அதில சிலுவை அடிச்சிருந்தது. எடுத்துக் குடுத்து, ஓட்டை போட்டுக் கழுத்தில கட்டிக்கொள், பொன்னும் முத்தும் போடாதை எண்டு சொன்னவராம். அவ செத்துப் பதினெட்டு வருசத்தால ஆரோ ஒருத்தர் லத்தீனில எழுதின வரலாற்றில இதெல்லாம் இருக்குது.

இன்னொண்டு, படங்களில எல்லாம் ஆடு மேய்க்கிற பெட்டையாத்தான் கீறி வச்சிருப்பினம். அந்தப் பழைய வரலாற்றில ஆடும் இல்லை, கோலும் இல்லை. வசதியான குடும்பத்துப் பிள்ளை அவ. ஆட்டுக் கதை பிறகு வந்து ஒட்டினது.

சும்மா_ஒரு_ஆள் எழுதியது:

பாரீஸையே காப்பாத்துற அளவுக்கு அவங்க என்ன பண்ணாங்க அக்கா?

லாச்சப்பல் எழுதியது:

451இல ஹூணர் தலைவன் அத்தில்லா வாறான் எண்டு கதை பரவி, பாரீஸ் ஆம்பிளையள் சாமான் சட்டி எல்லாம் கட்டிக்கொண்டு வேற ஊருக்கு ஓட வெளிக்கிட்டினம். இவ பொம்பிளையளைச் சேர்த்து ஞானஸ்நான மண்டபத்தில இருத்திச் செபம் செய்ய வச்சு, ஆம்பிளையளுக்கு ஓடாதேங்கோ, நீங்கள் ஓடிப் போற ஊர்தான் அழியும், இந்த ஊர் தப்பும் எண்டு சொன்னா. அவைக்கு விசர் வந்து, இவளைக் கல்லால எறியிறதோ ஆத்தில தாட்டுறதோ எண்டு கூட்டம் போட்டுக் கதைச்சவை. அந்த நேரம் பாத்து ஒசேரில இருந்து ஒரு தலைமைத் தியாக்கோன் (ஆயருக்கு உதவியா இருக்கிற கோயில் ஆள்) வந்திறங்கி, காலமாகிப் போன ஜெர்மான் ஆயர் இவவுக்கெண்டு விட்டிட்டுப் போன பொருளைக் காட்டி, இவவில கை வைக்காதேங்கோ எண்டு தடுத்தவர். அத்தில்லா பாரீஸுக்கு வரேல்லை, ஒர்லெயோன் பக்கம் போயிட்டான்.

எனக்கு இதைவிடப் பிடிச்சது பாண் கதை, நீங்கள் ரொட்டி எண்டு சொல்லுவியள். பிறகொருக்கால் ஃபிராங்க் படை பாரீஸை வளைச்சு நிக்கேக்க சனம் பட்டினியால சாகுது. இவ வள்ளம் எடுத்துக்கொண்டு ஆத்து வழியா ஆர்சி, துருவா வரைக்கும் போய்த் தானியம் ஏத்திக்கொண்டு வந்தா. காசு உள்ளவனுக்குத் தானியமாக் குடுத்தா, அடுப்பு மூட்டக்கூட வழி இல்லாத சனத்துக்குத் தானே பாண் சுட்டுக் குடுத்தா. இவவோட வேலை செய்த பெட்டையள் போறணையைத் திறந்து பாத்தா பாணில பாதியைக் காணேல்லையாம். கள்ளன் ஆரெண்டு தேடினா, தெருவில ஏழையள் சுடச்சுடப் பாணோட, ஜெனவியேவை வாழ்த்திக்கொண்டு போகினம்.

வேர்ச்சொல் எழுதியது:

ஜெனொவெஃபா எப்படி ஜெனவியேவ் ஆச்சுன்னு யாராவது கேப்பீங்கன்னு பாத்தேன், கேக்கல, நானே சொல்லிடுறேன். லத்தீன்ல தேன் மெல், பிரெஞ்சுல மியேல். லத்தீன்ல கால் பெதெம், பிரெஞ்சுல பியே. அழுத்தி சொல்ற எ அங்க இயேன்னு விரியும். அதே கணக்குதான், வெ அழுத்தம் வாங்கி வியே ஆச்சு. ரெண்டு உயிருக்கு நடுவுல மாட்டின ஃப மெலிஞ்சு வ ஆச்சு, கடைசி ஆ தேஞ்சு போச்சு. நடுவுல இருந்த ஒ-வும் எ ஆகி இப்ப பாதி முழுங்கிடுவாங்க, வேகமா சொன்னா "ஜன்வியேவ்" ன்னுதான் காதுல விழும்.

ழகரன் எழுதியது:

ஜ போட்டு எழுதுறதே தப்பு. பிரெஞ்சு ஜ நம்ம ஜ இல்ல. நம்ம சிறுபத்திரிகை ஆளுங்க ழான், ழாக்னு ழ போட்டுத்தானே எழுதினாங்க, அப்போ இது ழெனவியேவ்.

சும்மா_ஒரு_ஆள் எழுதியது:

சார், ழெனவியேவ்னு எழுதி கடலூர் பஸ் ஸ்டாண்ட்ல நாலு பேர்கிட்ட படிக்க சொல்லுங்க, நாலு பேரும் நாக்கை மடக்கி வாழைப்பழம் சாப்பிடுற மாதிரி சொல்லுவாங்க. அதுக்கு ஜ எவ்வளவோ தேவலாம்.

ழகரன் எழுதியது:

படிக்கத் தெரியாதவங்களுக்காக எழுத்தை மாத்த முடியாது.

வேர்ச்சொல் எழுதியது:

அந்த ஒலி ழ-வும் இல்ல ஜ-வும் இல்ல. நாக்கு ஷ சொல்ற இடத்துல இருக்கும், தொண்டை மட்டும் அதிரும். எதைப் போட்டாலும் சமாளிப்புதான். ஜன்னு எழுதினா புரிஞ்சுக்கிற ஆளுங்க அதிகம், நான் அந்தப் பக்கம். இதோட இதை விட்டுடுவோம், இல்லன்னா இந்த இழை ழகர இழையா மாறிடும்.

முத்துக்குளி எழுதியது:

இந்தப் பேரு நமக்குப் புதுசு மாதிரி எல்லாரும் பேசுறீங்க. தூத்துக்குடி பக்கம் வாங்க, ஜெனோவாங்கற பேர்ல பாட்டிமாருங்க இருக்காங்க. போர்த்துகீசியர் ஜெனொவேவான்னு சொல்லுவாங்க, நம்மாளுங்க வாயில அது ஜெனோவா. 1953ல எம்ஜிஆரும் பி.எஸ்.சரோஜாவும் நடிச்சு தமிழ்லயும் மலையாளத்துலயும் படமே வந்துச்சு, ஜெனோவான்னே. ராணி மேல அபாண்டமா பழி போட்டு காட்டுக்கு அனுப்புற கதை. கெடிலக்கரை, உங்கம்மாவுக்கு எம்ஜிஆர் பிடிக்குமா? பிடிக்கும்னா மேட்டர் ஓவர்.

லாச்சப்பல் எழுதியது:

ஓம், எங்கட கத்தோலிக்க ஊருகளிலயும் ஜெனோவா கூத்து ஆடுறவை. ராணியைக் காட்டுக்குக் கொண்டுபோற கட்டத்தில கிழவியள் எல்லாம் மூக்கைச் சிந்துவினம்.

வேர்ச்சொல் எழுதியது:

பேரு ஒண்ணு, ஆள் வேற. அது பிரபான்ட் நாட்டு ஜெனவியேவ். கணவன் சீக்ஃப்ரீட் போருக்குப் போயிருக்கும்போது கோலோங்கற மேலாளர் ஆசைப்பட்டு, இவ மறுத்ததும் நடத்தை சரியில்லன்னு பழி சொல்லி கொல்லச் சொல்றான். கொல்ல வந்தவன் இரக்கப்பட்டு விட்டுடுறான், ஆர்தென் காட்டு குகையில கைக்குழந்தையோட ஆறு வருஷம் இருக்கா, ஒரு பெண் மான் வந்து குழந்தைக்கு பால் கொடுக்குது. இப்படி ஒருத்தி வாழ்ந்ததுக்கு ஆதாரம் கிடையாது, இது பழங்கதை. ஆனா கதைக்குப் பின்னாடி நிஜமா ஒரு பொண்ணு இருந்திருக்கலாம்னு சொல்றாங்க: பிரபான்ட் மரியா. பவேரியா டியூக் ரெண்டாம் லுட்விக் அவன் மனைவி மேல சந்தேகப்பட்டு 1256ல தலைய வெட்ட சொல்லிட்டான், அப்புறம் பிராயச்சித்தமா ஃபியூர்ஸ்டன்ஃபெல்ட்ல மடம் கட்டினான். மரியாவுக்கு மான் எதுவும் வரல.

1630கள்ல செரிசியேங்கற பிரெஞ்சு ஜேசுசபை பாதிரியார் இந்தக் கதைய புத்தகமா எழுதினதுல இருந்துதான் ஊர் ஊரா பரவுச்சு. ஷூமன் ஜெர்மன்ல ஓபரா பண்ணார், ஓஃபன்பாக் பிரெஞ்சுல இதையே கிண்டலா பண்ணார். ஓஃபன்பாக்கோடதுல ரெண்டு ஜாந்தார்ம் போலீஸ் பாடுற பாட்டு ஒண்ணு இருக்கு, அமெரிக்க மரைன் படையோட பாட்டு மெட்டு அங்க இருந்து எடுத்ததுதான். இதுல கூத்து என்னன்னா நாந்தேர் ஜெனவியேவ 1962ல போப் அதே ஜாந்தார்ம்களுக்கு காவல் புனிதரா அறிவிச்சுட்டார். ரெண்டு ஜெனவியேவுக்கும் போலீஸ் விடாது போல.

அம்மாகிட்ட எம்ஜிஆர் படத்தை சொல்றதுக்கு முன்னாடி யோசிங்க. பேத்திக்கு காட்டுக்குப் போன ராணி பேரான்னு கேட்டா என்ன சொல்வீங்க?

முத்துக்குளி எழுதியது:

சீதான்னு பேரு வைக்காத வீடு எது தம்பி?

பயணச்சீட்டு எழுதியது:

அர்த்தம் விவாதம் எனக்கு புரியாது, ஆனா பாரீஸ்ல இந்தப் பேரு எங்க எங்க இருக்குன்னு சொல்றேன், போன வருஷம் ஒரு வாரம் சுத்தினேன்.

நோத்ர்-தாமுக்கு பின்னாடி தூர்னெல் பாலத்துல ஒரு உயரமான கல் சிலை, ஒல்லியா செங்குத்தா நிக்கும். முன்னாடி ஒரு குழந்தை, அது கையில பாரீஸ் சின்னமான படகு. செஞ்சது லாண்டோவ்ஸ்கி, 1928. ரியோல மலை மேல கை விரிச்சு நிக்கிற கிறிஸ்து சிலை இருக்கே, அந்த சிற்பிதான். சர்ச்சுக்கு முதுகை காட்டிக்கிட்டு கிழக்கையே பாத்துக்கிட்டு இருக்காங்க, அத்தில்லா வந்த திசை.

அப்புறம் அவங்க பேர்லயே ஒரு குன்று, நூலகம். நூலகத்துக்குள்ள போங்க, கூரை முழுக்க இரும்பு வளைவு, 1851ல திறந்தது, லாப்ரூஸ்த் கட்டினது. குன்று மேலதான் பாந்தெயோன். 1744ல பதினஞ்சாம் லூயி மெட்ஸ்ல காய்ச்சல்ல படுத்தப்ப பொழச்சா ஜெனவியேவுக்கு புதுசா சர்ச் கட்டுறேன்னு வேண்டிக்கிட்டார், பொழச்சார், சூஃப்லோவ வச்சு கட்ட ஆரம்பிச்சார். கட்டி முடிக்கறதுக்கும் புரட்சி வர்றதுக்கும் சரியா இருந்துச்சு, 1791ல சர்ச்செல்லாம் வேணாம், பெரிய மனுஷங்களுக்கு சமாதின்னு மாத்திட்டாங்க. 1793ல அவங்க எலும்பையும் எடுத்து ஊர் நடுவுல எரிச்சுட்டாங்க. பக்கத்துல சேன்-எத்தியேன்-துயு-மோன் சர்ச்சுல கல்லறைக் கல்லு மட்டும் மிச்சம் இருக்கு, அதை சுத்தி பித்தளை வேலைப்பாடு, அதுக்கு முன்னாடி மெழுகுவத்தி வச்சுட்டு ஒரு பாட்டி ரொம்ப நேரமா உக்காந்திருந்தாங்க.

இன்னொரு விஷயம். 2015ல அதே பாந்தெயோனுக்கு ஒரு ஜெனவியேவ் போனாங்க. ஜெனவியேவ் தெ கோல்-அந்தோனியோஸ், பிரான்ஸ் ஜனாதிபதியா இருந்த ஜெனரல் தெ கோலோட அண்ணன் பொண்ணு. ரெண்டாம் உலகப் போர்ல ஜெர்மன்காரன எதிர்த்து வேலை பாத்து மாட்டி ராவன்ஸ்ப்ரூக் நாஜி வதை முகாம்ல கிடந்துட்டு வந்தவங்க, அப்புறம் பல வருஷம் ஏழைங்களுக்காக அமைப்பு நடத்தினாங்க. குடும்பம் உடம்ப எடுக்க சம்மதிக்கல, கல்லறை மண்ணை மட்டும் பெட்டில வச்சு கொண்டுபோனாங்க. ஜெனவியேவுக்காக கட்டி அவங்ககிட்ட இருந்து பிடுங்கின கட்டடத்துல!

கெடிலக்கரை எழுதியது:

இதை அண்ணிக்கு அனுப்பினேன், அவங்க பாட்டிக்கு அந்த தெ கோல் வீட்டு அம்மாவ நல்லா தெரியுமாம், அதாவது டிவில. ஒரு டவுட், இப்ப அங்க யாரும் இந்தப் பேரு வைக்கறது இல்லயாமே? அண்ணன் ஆபீஸ்ல சொன்னா "பாட்டி பேராச்சே" ன்னு சிரிக்கறாங்களாம்.

லாச்சப்பல் எழுதியது:

சிரிப்பினம்தான். எங்கட கட்டிடத்திலயே ரெண்டு ஜெனவியேவ், ரெண்டு பேரும் பென்சன். முந்தி பிரான்சில நினைச்ச பேர் வைக்கேலாது, 1803இல ஒரு சட்டம், கலண்டரில உள்ள பேர் அல்லது பழைய சரித்திரத்தில உள்ள பேர்தான். அதால ஒரே பேர் திரும்பத் திரும்ப வரும். 1993இல தான் சட்டத்தை முழுசா இளக்கினவை, பிறகு சனம் வாயில வந்ததெல்லாம் வைக்குது. இப்ப பழைய பேர் தேடி வைக்கிற ஆக்களும் இருக்கினம். வையுங்கோ, வகுப்பில ஒரே பேரில நாலு பிள்ளை இருக்காது.

பேர்த் திருவிழா ஜனவரி 3. சுருக்கிக் கூப்பிட ஜினெத் எண்டு சொல்லுவினம், அது இன்னும் கிழவிப் பேர், அதுமட்டும் வேண்டாம்.

ஒண்டு சொல்ல மறந்திட்டன். ஒரு சனிக்கிழமை இரவு, சாமம் கழிஞ்சு மழைக்க, சேன்-தெனி கோயிலுக்கு இவ தோழியளோட நடந்து போகேக்க மெழுகுதிரி அணைஞ்சு போச்சுதாம், இவ கையில எடுத்த உடன திரும்பப் பத்தினதாம். அதால படங்களில கையில திரி, ஒரு பக்கம் பேய் ஊதும், மற்றப் பக்கம் சம்மனசு பத்த வைக்கும். பாரீஸில இருந்து சேன்-தெனிக்குப் போற வழியில இருந்த சின்னக் கோயிலாலதான் தமிழ்க் கடையள் இருக்கிற எங்கட லாச்சப்பல் பகுதிக்கே அந்தப் பேர், அதையும் இவவோட சேர்த்துத்தான் சொல்லுவினம். நாங்கள் முருங்கைக்காய் வாங்க அலையிற றோட்டு தம்பி அது.

வேர்ச்சொல் எழுதியது:

கெடிலக்கரை, ஜெனீவா நகரம், இத்தாலி ஜெனோவா நகரம் இதோட சம்பந்தமான்னு அடுத்து யாராவது கேப்பாங்க. இல்ல. ஜெனீவா சீசர் எழுதினதுலயே கெனவான்னு வந்துடுச்சு, இந்தம்மா பிறக்கறதுக்கு அஞ்சு நூற்றாண்டு முன்னாடி. முத்துக்குளி சொன்ன ஜெனோவா பாட்டிமாருக்கும் அந்த துறைமுகத்துக்கும் எழுத்து ஒற்றுமை மட்டும்தான்.

கெடிலக்கரை எழுதியது:

அப்டேட். அம்மாகிட்ட உக்காந்து எல்லாத்தையும் சொன்னேன். குலத்துப் பெண் ஓகேவான்னு கேட்டேன், "எந்தக் குலம்னு அவனே தெரியாம அடிச்சுக்கிறான்ங்கற" ன்னு தள்ளிட்டாங்க. கிணறு கதைக்கு, பெத்தவ ஒரு அடி அடிச்சதுக்கு கண்ணு போகுமா, என்ன சாமி அதுன்னு கோவம் வேற. பாண் கதை சொன்னேன் பாருங்க, அடுப்புல பாதி ரொட்டி காணாம போன இடத்துல, "அன்னபூரணின்னு சொல்றத விட்டுட்டு என்னென்னமோ சொல்லிக்கிட்டு இருக்க" ன்னாங்க. எங்க பாட்டி பேரு அன்னபூரணி. இப்ப ரெண்டாவது பேரா அதையும் சேக்கணுமாம், ஜெனவியேவ் அன்னபூரணி. அண்ணி ஓகே சொல்லிட்டாங்க, அண்ணன்தான் ஃபாரத்துல எப்படி எழுதறதுன்னு முழிக்கறான்.

சும்மா_ஒரு_ஆள் எழுதியது:

ஜெ.அன்னபூரணி. ரேஷன் கார்டுக்கும் செட் ஆகுது.

லாச்சப்பல் எழுதியது:

நல்ல பேர். பிள்ளை பிறந்து அஞ்சு நாளுக்குள்ள மெரியில (நகரசபையில) பதியோணும், பிறந்த நாள் கணக்கில இல்லை. ரெண்டாவது பேரை அண்ணன் முதலே கடதாசியில பெரிய எழுத்தில எழுதிக் கொண்டு போகச் சொல்லுங்கோ, வாயால சொல்லி அவையைக் கேட்டெழுத விட்டா அன்னபூரணி அந்த மேசையில என்னவாய் மாறுமெண்டு சொல்லேலாது. மற்றது ஜெனவியேவில மூண்டாவதா வாற e எழுத்துக்கு மேல ஒரு கோடு இருக்குது, இடப்பக்கம் சாய்ஞ்சது. அது விழாமல் பாக்கச் சொல்லுங்கோ, என்ர மகளின்ர பேரில கோடு விடுபட்டதைத் திருத்த நாங்கள் பட்ட பாடு இருக்கே.

கெடிலக்கரை எழுதியது:

அண்ணனுக்கு அப்படியே ஃபார்வர்ட் பண்ணிட்டேன் அக்கா. கோடு எந்தப் பக்கம் சாயணும்னு அவனும் அண்ணியும் இப்ப சண்டை போட்டுக்கிட்டு இருக்காங்க.